மௌனத்தின் காலவரையறை: மனு, அதிகாரம், நீதிமன்றம்

1

மணவூரில் எங்கள் வீட்டில் ஒரு மஞ்சள் பை இருக்கிறது. 2006ஆம் ஆண்டு தொடங்கி என் நைனா எழுதிய, பிறரைக் கொண்டு எழுதவைத்த மனுக்களின் நகல்கள் அதற்குள் இருக்கின்றன. கூடவே தபால் ஒப்புதல் அட்டைகள், இரண்டு உயர்நீதிமன்ற உத்தரவுகள், இரண்டு நிராகரிப்புக் கடிதங்கள்.

நைனா 1993இலிருந்து ஒரு அரசுத் துறையின் கிடங்கில் தினக்கூலிக் காவலாளி. துறையின் பெயர் வேண்டாம். எந்தத் துறையின் பெயரைப் போட்டாலும் கதை பெரிதாக மாறப்போவதில்லை. 2006 பிப்ரவரி 28 அன்று தமிழக அரசு அரசாணை எண் 22ஐ வெளியிட்டது. அந்த ஆண்டு ஜனவரி 1 அன்று பத்தாண்டு முடித்திருந்த தினக்கூலி ஊழியர்களைப் பணிவரன்முறை செய்வது பற்றிய ஆணை அது. நைனாவுக்கு அன்றைக்குப் பன்னிரண்டு ஆண்டு தாண்டியிருந்தது. மனு எழுதினார். பதில் வரவில்லை. நினைவூட்டு ஒன்று, இரண்டு, மூன்று. பதில் வரவில்லை.

2010இல் ரிட் போட்டோம். இரண்டாவது வாய்தாவிலேயே உத்தரவு கிடைத்தது: மனுதாரரின் மனுவைத் தகுதியின் அடிப்படையில், சட்டப்படி, பன்னிரண்டு வாரங்களுக்குள் பரிசீலித்து உத்தரவிட வேண்டும். அன்று சாயங்காலம் லோக்கல் ட்ரெயினில் வீடு திரும்பும்போது நைனா பக்கத்து சீட்டுக்காரருக்கெல்லாம் மிக்சர் வாங்கிக் கொடுத்தார். ‘ஜெயிச்சிட்டோம்’ என்றுதான் அவர் நினைத்தார். நானும் அப்படித்தான் நினைத்தேன். பன்னிரண்டு வாரம் போனது. அவமதிப்பு மனு போட்ட பிறகு ஒரு கடிதம் வந்தது. ‘பணி தொடர்ச்சியாக இல்லாததால் கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது.’ சில மாதங்களுக்கு மஸ்டர் ரோலில் வேறு ஆள் பெயரைப் போட்டுக் கூலி கொடுத்தது யார் என்பது அந்தக் கடிதத்தில் இல்லை. 2011இல் இரண்டாவது ரிட். 2017இல் உத்தரவு: நிராகரிப்பு ரத்து, மீண்டும் பரிசீலிக்க வேண்டும். பரிசீலித்தார்கள். ‘மனுதாரருக்கு அறுபது வயது கடந்துவிட்டதால்…’

‘மூணாவது ரிட்டு போடலாமாடா?’ என்று நைனா இன்னமும் கேட்டுக்கொண்டிருக்கிறார். அந்தக் கேள்விக்குப் பதில் தேடித்தான் இந்த வரலாற்றுக்குள் போனேன். நான் வக்கீல் இல்லை, தமிழ் எம்.ஏ. படித்தவன். சட்டத்தை ஒரு பிரதியாக, அதில் வரும் ஒரு வினைச்சொல்லின் வரலாறாக வாசிப்பது மட்டுமே என்னால் ஆவது. அந்த வினைச்சொல் ‘பரிசீலி’.

2

அரசு ஊழியர் ஒருவர் தன் குறையோடு நீதிமன்றத்துக்குப் போகலாமா என்ற கேள்வியின் முக்கியமான ஆரம்பம் நம் சென்னை மாகாணத்தில்தான் இருக்கிறது. வெங்கட ராவ் என்பவர் சென்னை அரசு அச்சகத்தில் ரீடராக வேலை பார்த்தவர். அச்சகத்திலிருந்து ரகசியம் கசிந்ததென்ற விவகாரத்தில் வேலைநீக்கம் செய்யப்பட்டார். விதிகளில் சொன்னபடி விசாரணை நடக்கவில்லை என்று வழக்குப் போட்டார். வழக்கு லண்டனில் பிரிவி கவுன்சில் வரை போனது. 1937 சட்ட அறிக்கைகளில் அந்தத் தீர்ப்பு பதிவாகியிருக்கிறது. அதன் சாரம் இது: 1919 சட்டத்தின் 96பி பிரிவுப்படி ஊழியர் மன்னரின் விருப்பம் உள்ளவரை வேலையில் இருக்கிறார். விசாரணை பற்றிய விதிகள் உண்டுதான். ஆனால் அவை மீறப்பட்டால் அதற்குப் பரிகாரம் நிர்வாகத்துக்குள்ளேயே மேல்முறையீடு செய்வதுதான். நீதிமன்றத்துக்கு அதில் வேலையில்லை.

அதே காலத்தில் இன்னொரு வழக்கும் சென்னை மாகாணத்திலிருந்து அங்கே போயிருந்தது. ரங்காச்சாரி ஒரு போலீஸ் சப் இன்ஸ்பெக்டர். நியமித்த அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட அதிகாரி அவரை நீக்கினார். அது செல்லாது என்றார்கள். காரணம், நியமித்தவருக்குக் கீழானவர் நீக்கக்கூடாது என்பது சட்டத்திலேயே எழுதப்பட்டிருந்தது. இரண்டையும் சேர்த்து வாசிக்கும்போது கிடைக்கிற சூத்திரம் எளிமையானது: உன்னை நீக்கியவர் யார் என்று கேட்கலாம், ஏன், எப்படி நீக்கினார் என்று கேட்கக்கூடாது. அந்தக் கேள்விகளை நீக்கியவரின் மேலதிகாரியிடம் மனுவாகக் கொடு.

‘செய்ய வேண்டிய கடமையைச் செய்’ என்று அதிகாரியைப் பார்த்து நீதிமன்றம் இடும் ஆணைக்கு மாண்டமஸ் என்று பெயர். அந்த மாதிரி ஆணையை 1877ஆம் ஆண்டு குறித்தவகைத் தீர்வுச் சட்டத்தின் 45ஆம் பிரிவு சென்னை, பம்பாய், கல்கத்தா நகர எல்லைக்குள் அடைத்துவைத்திருந்தது. அரசாங்கத்தைக் கட்டுப்படுத்தும் ஆணை எதையும் அதன் கீழ் இடக்கூடாது என்றும் சொன்னது. மணவூர்க்காரனுக்கு அப்போது மாண்டமஸ் என்பது கேட்டுத் தெரிந்துகொள்ளும் வார்த்தை மட்டும்தான்.

1950இல் அரசியல் சட்டம் வந்தபோது இந்த எல்லை உடைந்தது. 311ஆம் பிரிவு ரங்காச்சாரியின் பாதுகாப்பையும் வெங்கட ராவ் கேட்ட பாதுகாப்பையும் சேர்த்து எழுதிக்கொண்டது. 226ஆம் பிரிவு உயர்நீதிமன்றத்தின் கையை மாநிலம் முழுவதற்கும் நீட்டியது, அரசாங்கத்தையும் தொடும்படியாக. நம் ஜனநாயகத்தின் பெரிய சாதனைகளில் ஒன்று இது என்பதில் எனக்கு மறுப்பு இல்லை.

ஆனால் 311ஆம் பிரிவு காப்பாற்றுவது நீக்கப்பட்டவரை. நீக்கப்படாமல், சேர்க்கவும்படாமல், பதில் இல்லாமல் நிறுத்திவைக்கப்பட்டவருக்கு அதில் இடமில்லை. ஓர் உத்தரவு வந்தால் அதை எதிர்த்து வாதாடலாம், மௌனத்தை எதிர்த்து எதை வைத்து வாதாடுவது? 1956ஆம் ஆண்டு மாநிலச் சீரமைப்புச் சட்டத்தின் 115ஆம் பிரிவு, மாநிலங்களுக்கிடையே பங்கிடப்பட்ட ஊழியர்களின் மனுக்கள் முறையாகப் பரிசீலிக்கப்படுவதற்கு ஆலோசனைக் குழுக்கள் அமைக்கலாம் என்றது. எல்லைப் பிரச்சினையில் கிடந்து 1960 ஏப்ரலில் சித்தூர் மாவட்டத்திலிருந்து சென்னை மாநிலத்துக்கு வந்த திருத்தணிப் பகுதிக்காரர்களுக்கு, கோப்பு ஒரு மாநிலத்திலும் ஆள் இன்னொரு மாநிலத்திலுமாக இருப்பது என்னவென்று சொல்லித்தர வேண்டியதில்லை. இங்கே கவனிக்க வேண்டியது, ‘முறையாகப் பரிசீலித்தல்’ என்பது சட்டத்தின் வாசகமாகிவிட்டது. எத்தனை நாளில் என்பது ஆகவில்லை.

3

மௌனத்துக்கு வயது குறித்த சட்டம் 1985இல் வந்தது. நெருக்கடி நிலைக் காலத்தில், 1976இல், 42ஆம் திருத்தம் நுழைத்த 323ஏ பிரிவின் அடிப்படையில் வந்தது நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம். ஊழியர் வழக்குகளை உயர்நீதிமன்றத்திடமிருந்து பிடுங்கித் தனித் தீர்ப்பாயத்தில் வைப்பது அதன் நோக்கம். அதைச் சந்தேகத்தோடு பார்த்த தோழர்கள் சரியாகவே பார்த்தார்கள். ஆனால் அதன் 20, 21 பிரிவுகளை யாரும் போதுமான அளவு வாசிக்கவில்லை என்று நினைக்கிறேன்.

அந்தப் பிரிவுகள் சொல்வது இதுதான். துறைக்குள் முறையிட்ட பிறகே தீர்ப்பாயத்துக்கு வரவேண்டும். ஆனால் முறையிட்டு ஆறு மாதம் கழிந்தும் உத்தரவு இல்லையென்றால், துறைக்குள்ளான வழி தீர்ந்துவிட்டதாகக் கொள்ளப்படும். அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓராண்டுக்குள் தீர்ப்பாயத்துக்கு வரலாம். அதாவது ஆறு மாத மௌனத்தையே வழக்குக்கான காரணமாகச் சட்டம் ஏற்றுக்கொண்டது. ‘இன்னும் முடிவெடுக்கவில்லை’ என்று அதிகாரி ஒளிந்துகொள்ள முடியாது. 1989இல் எஸ்.எஸ். ரத்தோர் வழக்கில் உச்சநீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு இதே ஆறு மாதக் கணக்கைத் தீர்ப்பாயத்துக்கு வெளியேயும் நல்ல அளவுகோலாகச் சொன்னது. கூடவே, சட்டத்தில் இடமில்லாத மனுக்களைத் திரும்பத் திரும்பப் போட்டுக் காலக்கெடுவை நீட்ட முடியாது என்றும் சொன்னது.

தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் 1988 டிசம்பரில் தொடங்கியது. 1997இல் சந்திரகுமார் வழக்கில், தீர்ப்பாய முடிவுகளை உயர்நீதிமன்றத்தின் இரு நீதிபதி அமர்வு பார்க்கலாம் என்று உச்சநீதிமன்றம் மீட்டுக்கொடுத்தது. 2006இல் தமிழ்நாடு தீர்ப்பாயம் ஒழிக்கப்பட்டது. வழக்குகள் உயர்நீதிமன்றத்துக்குப் போயின. மத்திய அரசு ஊழியருக்கு அவர்களுடைய தீர்ப்பாயமும் ஆறு மாதக் கணக்கும் அப்படியே இருக்கின்றன. மாநில ஊழியர் 226ஆம் பிரிவுக்குத் திரும்பினார். அந்தப் பிரிவு பரந்தது, ஆனால் அதில் நாட்கணக்கு இல்லை. உள்ளூர்த் தபால் ஆபீசும் மத்திய அரசு, நைனாவின் கிடங்கு மாநில அரசு. இரண்டுக்கும் நடுவே ஒரு தெருதான். மௌனத்தின் சட்டம் தெருவுக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று.

தீர்ப்பாயம் ஒழிக்கப்பட்டதும் அரசாணை 22 வந்ததும் ஒரே ஆண்டில் நடந்தவை. பத்தாண்டு தினக்கூலிக்காரர்கள் மனு போடத் தொடங்கிய அந்தச் சமயத்தில், மனுவுக்குப் பதில் வராவிட்டால் என்ன என்று சொன்ன சட்டம் அவர்களுக்கு இல்லாமல் போனது.

4

இதற்கு மூன்று ஆண்டு முன்னால் நடந்ததை மறந்துவிட்டு இந்த வரலாற்றை எழுத முடியாது. 2003 ஜூலையில் ஓய்வூதியச் சலுகை வெட்டுகளை எதிர்த்து அரசு ஊழியரும் ஆசிரியரும் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஏறத்தாழ 1.7 லட்சம் பேர் விசாரணையின்றி வேலைநீக்கம் செய்யப்பட்டார்கள். உயர்நீதிமன்ற டிவிஷன் பெஞ்ச், தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றது. 2003 ஆகஸ்ட் 6 அன்று டி.கே. ரங்கராஜன் வழக்கில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அரசு ஊழியருக்கு வேலைநிறுத்த உரிமை அடிப்படை உரிமையாகவோ, சட்டப்படியோ, தார்மீகமாகவோ இல்லை என்ற பகுதிதான் எல்லோருக்கும் தெரியும். நம் பத்திரிகைகள் அதைத்தான் கண்டித்தன.

அந்தத் தீர்ப்பின் உள்முரணை வாசிக்க வேண்டும். ஒரு பக்கத்தில், அநீதி இழைக்கப்பட்டாலும் ஊழியர்கள் சட்டம் வகுத்திருக்கும் அமைப்புகளையே நாட வேண்டும், வேலைநிறுத்தம் கூடாது என்கிறது. இன்னொரு பக்கத்தில், ஆயிரக்கணக்கான ஊழியர்களைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்பினால் அதனால் நீதி வழங்க இயலாது, ஆகவே உயர்நீதிமன்றமே வழக்கை ஏற்றிருக்க வேண்டும் என்கிறது. நாட வேண்டிய அமைப்பு இருக்கிறது என்பதால் போராடக் கூடாது. அந்த அமைப்பால் முடியாது என்பதால் அங்கே போகவும் வேண்டாம். இரண்டும் ஒரே தீர்ப்பு. கடைசியில், பெரும்பாலோரைத் திரும்பச் சேர்த்துக்கொள்வதாக அரசு சொன்னது. மீதமிருந்த ஆறாயிரத்துச் சொச்சம் பேரின் கதி? அவர்கள் மனுக் கொடுக்க வேண்டும், அதை ஓய்வுபெற்ற உயர்நீதிமன்ற நீதிபதிகள் மூவர் பரிசீலிப்பார்கள். எவ்வளவு பெரிய கூட்டுப் போராட்டமும் கடைசியில் தனித்தனி மனுவாக உடைக்கப்படுகிறது. அதிகாரத்தின் வேலைப்பாணி இது. லட்சம் பேர் சேர்ந்து நின்றால் அது பலம், அவர்களை ஆளுக்கொரு தாளாக மாற்றிவிட்டால் அது அடுக்கி வைக்கக்கூடிய கோப்பு.

5

இனி அந்த வினைச்சொல்லுக்கு வருகிறேன். ‘பரிசீலிக்கப்படும்’ என்பது செயப்பாட்டுவினை. செய்பவர் யாரென்று அதில் இல்லை. காலம் எதிர்காலம், அது எப்போது வரும் என்பதும் இல்லை. நம் அலுவலகத் தமிழ் இந்த வடிவத்தைத் தேர்ந்துகொண்டது தற்செயல் என்று தோன்றவில்லை. நீதிமன்றத்தின் உத்தரவு ஒன்றைச் சேர்க்கிறது: பன்னிரண்டு வாரம். எழுவாயையும் சேர்க்கிறது: இரண்டாம் எதிர்மனுதாரர். ஆனால் செயப்படுபொருளை, அதாவது உரிமை உண்டா இல்லையா என்பதை, தொடுவதில்லை. அரசு வக்கீல் நோட்டீஸ் வாங்கிக்கொள்கிறார், சில நிமிடங்களில் வழக்கு முடிகிறது. வழக்கு முடிந்த கணக்கில் அது ஏறிவிடும். நைனாவின் கணக்கு அன்றைக்குத்தான் தொடங்குகிறது.

நீதிமன்றத்துக்கும் இது தெரியும். 2006இல் ஆந்திரப் பிரதேச சாலைப் போக்குவரத்துக் கழகம் ஒரு வழக்கில் உச்சநீதிமன்றம் வரை வந்தது. திருத்தணி வழியாகத் திருப்பதிக்கு ஓடும் பஸ்கள் அவர்களுடையவை. அந்த வழக்கில் சீனிவாச ரெட்டி முதலானோர் தொடர்பாகக் கொடுக்கப்பட்ட ‘பரிசீலிக்க’ உத்தரவை உச்சநீதிமன்றம் அலசியது. உரிமை பற்றி முடிவு சொல்லிவிட்டு அதன் வெளிச்சத்தில் பரிசீலிக்கச் சொல்வது வேறு, எதையும் முடிவு செய்யாமல் வெறுமனே பரிசீலிக்கச் சொல்வது வேறு, இரண்டாவதால் வழக்கு மேல் வழக்குத்தான் மிஞ்சும் என்பது அதன் சாரம்.

2008இல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றே வந்தது. புவியியல் சுரங்கத் துறையில் 1982இல் வேலை இழந்த ஜேக்கப் என்பவர் பதினெட்டு ஆண்டு கழித்து மனுப் போட்டார். பரிசீலிக்கச் சொல்லித் தீர்ப்பாயம் உத்தரவிட்டது. துறை நிராகரித்தது. நிராகரிப்பைப் புதிய வழக்காக்கினார். செத்த உரிமைக்கு இப்படி உயிர் கொடுக்கக்கூடாது என்று உச்சநீதிமன்றம் சொன்னது. சட்டமாக அது சரிதான். ஆனால் ‘பரிசீலி’ உத்தரவை ஒரு வழக்கமாக்கியது மனுதாரர்களா, நீதிமன்றங்களா? கதவைத் திறந்துவைத்தவர்கள் உள்ளே வந்தவனைத் திட்டுவது போலிருக்கிறது. இன்றைக்கு அந்தத் தீர்ப்பு, காலத்தில் மனுப்போட்டுப் பதிலுக்குக் காத்திருந்தவர்கள் மேலும் அரசு வக்கீல்களால் வீசப்படுகிறது. காத்திருந்தால் காலதாமதம், அவசரப்பட்டால் ‘மனு நிலுவையில் உள்ளது’.

அவமதிப்பு மனு? 1996இல் பரிஹார் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள்: பரிசீலிக்கச் சொன்ன உத்தரவின்படி ஒரு முடிவு எடுக்கப்பட்டுவிட்டால், அது தவறான முடிவாக இருந்தாலும் அவமதிப்பு ஆகாது, புது வழக்குத்தான் போட வேண்டும். நைனாவுக்கு வந்த கடிதம் இந்த விதியைக் கரைத்துக் குடித்த யாரோ எழுதியது. வட்டம் இப்படி முழுமையடைகிறது: மனு, மௌனம், ரிட், பரிசீலனை, நிராகரிப்பு, ரிட். அன்று வெங்கட ராவிடம் ‘உன் பரிகாரம் உன் மேலதிகாரியிடம்’ என்றார்கள். இன்று நீதிமன்றம் நம்மை உள்ளே அழைத்து, உட்காரவைத்து, அதே மேலதிகாரிக்கு ஒரு கடிதம் கொடுத்து அனுப்புகிறது. வித்தியாசம் இல்லை என்று சொல்லமாட்டேன். கடிதத்தில் தேதி இருக்கிறது.

நீதிமன்றத்துக்கு இதற்கு மேல் அதிகாரமே இல்லையா? இருக்கிறது, அதுவும் சென்னையிலிருந்து போன வழக்கில் சொல்லப்பட்டது. 1986இல் கே.எஸ். ஜகந்நாதன் வழக்கு. இங்கே தணிக்கைத் துறையில் இருந்த தாழ்த்தப்பட்ட சாதி ஊழியர்கள், பதவி உயர்வுத் தேர்வில் தங்களுக்குரிய மதிப்பெண் தளர்வைத் தரவில்லை என்று போட்டது. தன் விருப்புரிமையை அதிகாரி பயன்படுத்தாமலோ தவறாகப் பயன்படுத்தியோ இருந்தால், அவர் இட்டிருக்க வேண்டிய உத்தரவை உயர்நீதிமன்றம் தானே இடலாம் என்றது உச்சநீதிமன்றம். இந்த அதிகாரம் தலித் ஊழியர்களின் வழக்கிலிருந்து பிறந்தது என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில், மத்திய நீர் ஆணையத்தில் ஆண்டுக்கணக்காகத் துப்புரவும் தோட்ட வேலையும் செய்தவர்களை, ‘பரிசீலி’ என்று திருப்பி அனுப்பாமல் நேரடியாகப் பணிவரன்முறை செய்யச் சொன்னது உச்சநீதிமன்றம். முடியும். செய்வதில்லை என்பதுதான் பிரச்சினை.

6

நீதிமன்றம் ஆளும் வர்க்கத்தின் கருவி என்று ஒரே வரியில் முடித்துக்கொள்ளும் தோழர்களோடு எனக்குச் சண்டை இல்லை. ஆனால் கருவியின் எந்தப் பல்சக்கரத்தில் நம் விரல் மாட்டுகிறது என்று பார்க்க வேண்டாமா? அது மௌனம் என்ற சக்கரம். பிரான்சில் 1900ஆம் ஆண்டுச் சட்டமே, நான்கு மாதம் பதில் இல்லையென்றால் அதை மறுப்பாகக் கொண்டு வழக்காடலாம் என்றது. 2000இல் அதை இரண்டு மாதமாக்கினார்கள். 2013இல் ஒரு படி மேலே போய், பொதுவாக மௌனம் சம்மதம் என்றார்கள். அரசின் சொந்த ஊழியர்களுக்கு மட்டும் பழைய கணக்கே. அங்கும் ஊழியன் கொஞ்சம் வெளியே நிற்கிறவன்தான்.

நம்மிடமும் இந்த யோசனை இல்லாமல் இல்லை. 2005ஆம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டம் 7(2) பிரிவில், முப்பது நாளில் பதில் தராவிட்டால் மறுத்ததாகவே கொள்ளப்படும் என்கிறது. ‘என் மனு என்ன ஆனது’ என்று கேட்டால் முப்பது நாள் கணக்கு உண்டு. அந்த மனுவிலேயே கேட்ட வேலைக்குக் கணக்கு இல்லை. தமிழக அரசின் 2015ஆம் ஆண்டு அரசாணை எண் 99, மனுவுக்கு மூன்று நாளில் ஒப்புகை, ஒரு மாதத்தில் பதில் என்கிறது. தராவிட்டால் என்ன என்று சொல்லவில்லை. தண்டனை இல்லாத நாட்கணக்கு பஞ்சாங்கம் மாதிரி, பார்த்துக்கொள்ளலாம், அவ்வளவுதான்.

இந்த இடத்தில் காஃப்காவைக் கூப்பிடுவது நம் பத்திரிகை வழக்கம். எனக்குப் பக்கத்து ஊர்ப் பழையனூர் போதும். திருவாலங்காட்டை ஒட்டிய அந்த ஊரில்தான் நீலி கதை. கணவனால் கொல்லப்பட்டவள் பேயாக மறுபிறப்பெடுத்து, அவன்தான் தன் புருஷன் என்று வேளாளர் சபையில் முறையிடுகிறாள். எழுபது பேரும் அவள் பக்கம் தீர்ப்புச் சொல்கிறார்கள். அவனுக்கு ஏதும் நேர்ந்தால் எங்கள் உயிர் பிணை என்கிறார்கள். இரவில் அவள் அவனைக் கொல்கிறாள். எழுபது பேரும் தீக்குளிக்கிறார்கள். சொன்ன சொல் காத்த வேளாளர் பெருமைக்காகவே இந்தக் கதை பேசப்படுகிறது. நான் நீலியின் பக்கம் நின்று வாசிக்கிறேன். உயிரோடு இருந்தபோது அவளுக்கு ஒரு சபை இல்லை. பேயான பிறகுதான் அவள் மனு ஏற்கப்பட்டது. ஆனாலும் ஒன்றை மறுக்க முடியாது: அந்தச் சபை முடிவெடுத்தது, அதற்குத் தானே பொறுப்பேற்றது. யாரும் தீக்குளிக்க வேண்டாம். கீழே ஒரு பெயர், ஒரு தேதி, ஒரு காரணம் இருந்தால் போதும்.

நடைமுறையாகச் சில. சங்கங்கள் போடும் ரிட்டில் ‘மனுவைப் பரிசீலிக்க’ என்ற பிரார்த்தனையை முதலில் எழுதுவதை நிறுத்த வேண்டும். உரிமை உண்டு என்று அறிவி, அதன்படி உத்தரவிடு என்று கேட்க வேண்டும், ஜகந்நாதனை முன்வைத்து. தீர்ப்பாயச் சட்டத்தில் இருந்த ஆறு மாத விதியை, தீர்ப்பாயம் இல்லாமலே, மாநில ஊழியருக்கும் தினக்கூலிக்கும் சட்டமாக்கச் சொல்லிக் கோரிக்கை வைக்க வேண்டும். அதுவரை ஒவ்வொரு சங்க அலுவலகத்திலும் ஒரு மௌனப் பதிவேடு: எந்த மனு, எந்தத் தேதி, எந்த மேசை, எத்தனை நாள். தாள் தாளாக உடைக்கப்பட்டதைத் திரும்ப ஒன்றாகக் கட்டும் வேலை அது.

இதை எழுதிக்கொண்டிருந்தபோது நைனா எட்டிப் பார்த்தார். ‘இன்னாடா, மனுவா?’ என்றார். கட்டுரை என்றேன். ‘அதுக்கு எவ்ளோ நாளுல பதிலு வரும்?’ என்று கேட்டார். மூன்றாவது ரிட் போடுவது என்று முடிவு செய்திருக்கிறோம். இந்தத் தடவை பரிசீலிக்கச் சொல்லிக் கேட்கப்போவதில்லை. மஞ்சள் பையிலிருந்து மஸ்டர் ரோல் நகல்களை எடுத்து வரிசையாக அடுக்கிக்கொண்டிருக்கிறார், 1993 மேலே.